அலாரம்காரரின் ஓசிச் சாவி

"இந்தப் பையை யாருங்க கட்டினது?"

ஏணியின் மேல்படியில் நின்றபடி கேட்கிறார் 'அலாரம்' என்று பெயரெடுத்த மனிதர். மூன்றாவது மாடி வீடு. சமையலறைக்கு வெளியே கூரையில் இருக்கும் புகை அலாரத்துக்கு யாரோ ஒரு பாலிதீன் பையை மாட்டி, ரப்பர் பேண்டு போட்டு இறுக்கியிருக்கிறார்கள். கீழே நிற்கும் வீட்டுக்காரர் மனைவியைப் பார்க்கிறார். மனைவி நாத்தனாரைப் பார்க்கிறார். நாத்தனாருக்குப் பார்க்க ஆள் இல்லாததால் ஜன்னலுக்கு வெளியே பார்க்கிறார்.

"எதையாவது வறுத்தா போதும் சார், சும்மா கத்துது" என்கிறார் வீட்டுக்காரர்.

"சும்மா கத்துதா? அதுக்கும் உங்களுக்கும் என்ன வாய்க்கா வரப்புத் தகராறா, சும்மா கத்தறதுக்கு? அது உங்களைத் திட்டலைங்க, கூப்பிடுது. கூப்பிடறவன் வாயில துணியை அடைச்சுட்டு நிம்மதியா தூங்கறீங்க. தூங்குங்க."

பையைப் பிய்த்து எடுக்கிறார். ஆனால் குப்பையில் போடுவதில்லை. கீழே இறங்கி, பையை அழகாக மடித்து, வீட்டுக்காரரின் உள்ளங்கையில் வைத்துவிட்டு, ஏணியைத் தூக்கிக்கொண்டு அடுத்த வீட்டுக்குப் போய்விடுகிறார். திட்டு வாங்கியதைவிட அந்தப் பையைக் கையில் வாங்கியதுதான் பலருக்கு உறைக்கிறது.

கட்டடங்களில் தீ எச்சரிக்கைக் கருவிகளைப் பராமரிக்கும் கம்பெனியில் வேலை. வயது ஐம்பதைத் தாண்டிவிட்டது. ஒல்லியான உடம்பு, அண்ணாந்தே பழகிப்போன கழுத்து. கையில் ஒரு நீளக் கம்பு, அதன் நுனியில் ஒரு கிண்ணம், கிண்ணத்துக்குள் சோதனைப் புகை அடைத்த டப்பா. கிண்ணத்தைக் கருவியின் மேல் கவிழ்த்துப் புகையை விட்டால் அது அலற வேண்டும். அலறிவிட்டால் இவர் முகத்தில் ஒரு சிரிப்பு வரும். "சமத்து" என்பார், கருவியிடம். மனிதர்களில் யாரையும் அவர் அப்படிச் சொல்லி யாரும் கேட்டதில்லை.

'அலாரம்' என்பது கம்பெனியில் கூட வேலை பார்ப்பவர்கள் வைத்த பெயர். தொழிலுக்காக மட்டும் வைத்ததல்ல. மனிதருக்குக் கோபம் மூக்கின் மேலேயே உட்கார்ந்திருக்கும். மாடிப்படியில் யாராவது அட்டைப்பெட்டியை அடுக்கி வைத்திருந்தால் போதும், அந்தக் கட்டடம் முழுக்க இவர் குரல் கேட்கும். "தீ வந்தா எல்லாரும் இந்தப் படியிலதான் ஓடணும். உங்க பழைய பேப்பரைத் தாண்டி ஓடணும்னு சொல்றீங்களா?" பெட்டிக்குச் சொந்தக்காரர் கதவைத் திறக்கும்வரை படியிலேயே உட்கார்ந்துகொள்வார். பெட்டி உள்ளே போனபிறகுதான் எழுந்திருப்பார்.

ஒரு வீட்டுக்கு விருந்துக்குப் போனால் வாசலில் வரவேற்பவர் முகத்தை முதலில் பார்ப்பதில்லை. கூரையைப் பார்ப்பார். ஓட்டலுக்குப் போனால் வெளியே போகும் வழி எங்கே என்று பார்த்துவிட்டுத்தான் நாற்காலியை இழுப்பார். ஆட்களை அவர் நினைவில் வைத்திருப்பதும் அந்தக் கணக்கில்தான். "யாரு, அந்த உயரமா இருப்பாரே, அவரா? பேட்டரியைக் கழட்டி டார்ச்சுல போட்டவர்தானே?" என்பார். சம்பந்தப்பட்டவருக்கு அதற்குப் பிறகு வேறு அடையாளமே கிடையாது.

இவர் வீடு தரைத்தளத்தில் இருக்கிறது. முன்கூடத்தில் மனைவி குழந்தைகள் காப்பகம் நடத்துகிறார். வேலைக்குப் போகும் பெற்றோர் காலையில் கொண்டுவந்து விட்டு, சாயங்காலம் கூட்டிக்கொண்டு போகிறார்கள். எல்லோருக்கும் அந்த அம்மா 'டீச்சர்'. முழங்கால் உயரத்துக்குச் சின்னச் சின்ன நாற்காலிகள், சுவர் முழுக்கக் குழந்தைகளின் கைத்தடங்கள். உள்ளறையில் ஒரு கம்ப்யூட்டர். எந்தக் குழந்தை சாப்பிட்டது, எது தூங்கியது, எது இன்று முதல்முறையாகச் செருப்பைத் தானே மாட்டியது என்று டீச்சர் அதிலிருந்துதான் பெற்றோர்களின் குழுவுக்கு எழுதுவார், படங்களும் அனுப்புவார். அலுவலகத்தில் உட்கார்ந்திருக்கும் ஒரு தாய்க்கு அந்த இரண்டு வரி எவ்வளவு பெரிது என்று டீச்சருக்குத் தெரியும்.

கடைசிக் குழந்தை வீட்டுக்குப் போனதும் கம்ப்யூட்டர் அலாரத்தின் கைக்கு வரும். மேசை விளிம்பில் ஒரு ஸ்டீயரிங்கைத் திருகிப் பொருத்துவார். லாரி ஓட்டும் விளையாட்டு. நிஜத்தில் அவருக்குச் சைக்கிளைத் தவிர எதுவும் ஓட்டத் தெரியாது. திரையில் அவர் ஓட்டுவதோ மலை மாதிரி ஒரு கண்டெய்னர் லாரி. எஞ்சின் சத்தம் சரியாகக் கேட்க வேண்டும் என்று மின்விசிறியை நிறுத்திவிட்டு, வியர்க்க விறுவிறுக்க ஓட்டுவார். ஆள் அரவமே இல்லாத சாலையில் சிவப்பு விளக்குக்கு நிற்பார். திரும்பும்போதெல்லாம் இண்டிகேட்டர் போடுவார்.

"யாருமே இல்லாத ரோட்டுல யாருக்கு சகலை சிக்னல் காட்டற?" என்று பக்கத்தில் கட்டிலில் சாய்ந்திருப்பவர் கேட்பார்.

"சிக்னல்னா சிக்னல்தான்."

கேட்டவர் மனைவியின் தங்கை கணவர், சகலை. சோபா கட்டில் விற்கும் கடையில் விற்பனையாளர். கடைக்கு வருகிறவர்களிடம் 'நல்ல பொருளுக்கு நல்ல விலை' என்று நாள் முழுக்கப் பேசிவிட்டு, வீட்டுக்கு வந்ததும் எதற்கும் காசு கொடுக்கக் கூடாது என்ற விரதத்தில் உட்கார்ந்துவிடுவார். படம் ஓசி, பாட்டு ஓசி, பக்கத்து வீட்டு வைஃபை ஓசி. காசு கொடுத்து எதையாவது வாங்கியவரைப் பார்த்தால், பல் பிடுங்கிக்கொண்டு வந்தவரைப் பார்ப்பதுபோல் அனுதாபப்படுவார்.

அந்த லாரி விளையாட்டில் மலைப்பாதைகள் புதிதாக வந்திருந்தன. அவற்றைத் திறக்க ஒரு சாவி வேண்டும். சாவி என்றால் எழுத்தும் எண்ணும் கலந்த ஒரு வரி, அவ்வளவுதான். குடும்பத்தோடு ஒரு சினிமாவுக்குப் போகிற செலவு. அலாரம் வாங்கத் தயாராகத்தான் இருந்தார்.

"நான் உயிரோட இருக்கும்போது நீ காசு குடுத்து வாங்கினா கேவலம் எனக்குத்தான்" என்றார் சகலை. "நம்ம குரூப்புல கொட்டிக் கெடக்கு. ஊரே பண்ணுது."

சகலை முதலில் கொண்டுவந்த சாவி வேலை செய்யவில்லை. வேறு யாரோ ஏற்கெனவே பயன்படுத்தியது. அடுத்து, சாவியைத் தானே தயாரித்துக் கொடுக்குமாம், அப்படி ஒரு குட்டி புரோகிராமைக் கொண்டுவந்தார். அதோடு ஒரு குறிப்பும் இருந்தது. 'நிறுவும்போது எச்சரிக்கை வரும். அது பொய்யான எச்சரிக்கை. பயப்பட வேண்டாம். பாதுகாப்பை அணைத்துவிட்டுத் தொடரவும்.'

எச்சரிக்கை வந்தது. திரையை அடைத்துக்கொண்டு சிவப்புக் கட்டம். ஆபத்து, திறக்காதே என்று கம்ப்யூட்டரின் காவல் புரோகிராம் தன்னால் முடிந்தமட்டும் அலறியது. அலாரத்தின் கை ஒரு நிமிடம் தயங்கியது.

"ஓசியில கெடைச்சா விக்கறவனுக்கு வயிறு எரியாதா? அதான் இப்படிக் கத்த வைக்கிறான்" என்றார் சகலை.

"ஆமாமா. சும்மா கத்துது" என்றார் அலாரம். சொல்லிவிட்டுப் பாதுகாப்பை அணைத்தார்.

நினைத்தாலே பற்றிக்கொண்டு வருகிறது. எத்தனை வீட்டுக் கூரையில் ஏறியிருப்பார் இந்த மனிதர்! எத்தனை பேர் முகத்துக்கு நேரே, அந்த இரண்டே வார்த்தைக்காக, காது கூசும்படி பேசியிருப்பார்! கூரையில் தொங்கினால்தான் அலாரமா? திரையில் அலறினால் அது அலாரம் இல்லையா? கருவி கத்தும்போது அதன் வாயை மூடச் சொல்கிறவன் யார், அவனுக்கு அதில் என்ன லாபம் என்று ஊரையெல்லாம் கேட்டவர், தன் வீட்டு மேசையில் கேட்கவில்லை. மலைப்பாதை திறந்துகொண்டது. ஒவ்வொரு கொண்டை ஊசி வளைவிலும் இண்டிகேட்டர் போட்டு ஓட்டிக்கொண்டிருந்தார்.

ஊர் பேர் தெரியாத ஒருவன் எதற்காக உங்களுக்கு விளையாட்டுச் சாவியை ஓசியில் தர வேண்டும்? நீங்கள் என்ன அவன் மாமன் மகனா? சாவி என்று அவன் கொடுத்ததற்குள் அவனுடைய ஆள் ஒளிந்திருந்தான். அலாரம் மலையேறிக்கொண்டிருந்தபோது, அந்தக் கள்ள புரோகிராம் கம்ப்யூட்டரில் சேமித்து வைத்திருந்த கடவுச்சொற்களையெல்லாம் வழித்து எடுத்து எங்கோ அனுப்பிக்கொண்டிருந்தது. அதே கம்ப்யூட்டரில்தான் டீச்சரின் கணக்கு எப்போதும் திறந்தபடி இருக்கும். அதையும் அள்ளிக்கொண்டு போய்விட்டது. திரையில் ஒரு சின்ன மாற்றம்கூடத் தெரியவில்லை.

சில நாள் கழித்துப் பெற்றோர் குழுவுக்கு டீச்சர் பெயரில் ஒரு செய்தி போனது. 'அன்பான பெற்றோர்களே, நம் செல்லங்களின் விளையாட்டு நாள் படங்கள் இங்கே இருக்கின்றன. கம்ப்யூட்டரில் திறந்து பாருங்கள்.' இந்த வரிகள் டீச்சர் முன்பு எழுதியவைதான். திருடன் அவற்றை அப்படியே எடுத்து, இணைப்பை மட்டும் மாற்றி, கீழே இன்னொரு வரியைச் சேர்த்திருந்தான். பிள்ளையின் படம் என்றால் எந்தத் தாய் திறக்காமல் இருப்பாள்? திறந்தார்கள். ஒரு நர்ஸின் கணக்கிலிருந்து அவர் சொந்தக்காரர்கள் அத்தனை பேருக்கும் அதே இணைப்பு போனது. வீட்டிலிருந்தே வேலை பார்க்கும் ஒரு கணக்காளரின் அலுவலகக் கம்ப்யூட்டர் முடங்கிப்போய், அவர் மேலதிகாரி முன்னால் கைகட்டிப் பதில் சொல்லிக்கொண்டிருந்தார்.

மறுநாள் காலை நர்ஸ் வாசலிலேயே பிடித்துக்கொண்டார்.

"எனக்கும் எச்சரிக்கை வந்துச்சு டீச்சர். வேற யாரு அனுப்பியிருந்தாலும் அப்பவே மூடியிருப்பேன். நீங்கதானே பயப்பட வேண்டாம்னு எழுதியிருந்தீங்க?"

"நான் எழுதவே இல்லைங்க" என்றார் டீச்சர்.

"உங்க பேரு போட்டிருக்கு. உங்க படம் போட்டிருக்கு. இதோ பாருங்க."

தோளில் ஏணியோடு வேலைக்குக் கிளம்பிக்கொண்டிருந்த அலாரம், "எங்க, நான் பாக்கறேன்" என்று போனை வாங்கினார். கடைசி வரியைப் படித்தார். 'அது பொய்யான எச்சரிக்கை. பயப்பட வேண்டாம். பாதுகாப்பை அணைத்துவிட்டுத் தொடரவும்.' சகலை கொண்டுவந்த குறிப்பில் இருந்த அதே சொற்கள். தோளிலிருந்த ஏணியைச் சுவரில் சாய்த்துவிட்டுப் போனைத் திருப்பிக் கொடுத்தார். நர்ஸிடம் ஒன்றும் சொல்லவில்லை. மனைவியிடமும் சொல்லவில்லை.

அன்று சாயங்காலம் தானே உட்கார்ந்து டீச்சரின் கடவுச்சொல்லை மாற்றினார். "எல்லாம் சரி பண்ணிட்டேன்" என்று அறிவித்தார். மாற்றியது அதே கம்ப்யூட்டரில். அடுத்த நாள் திருடன் மறுபடியும் அனுப்பினான். இந்தத் தடவை டீச்சராலேயே தன் கணக்குக்குள் போக முடியவில்லை.

கம்ப்யூட்டர் ரிப்பேர் கடைப் பெண் எல்லாவற்றையும் கேட்டுவிட்டுத் தலையில் கை வைத்துக்கொண்டார். "திருடன் வீட்டுக்குள்ள உக்காந்திருக்கான். நீங்க புதுப் பூட்டு வாங்கிட்டு வந்து அவன் கண்ணு முன்னாடியே பூட்டிப் பார்த்திருக்கீங்க. சரி, கடைசியா இதுல என்ன போட்டீங்க?"

டீச்சர் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தார். அலாரம் மேசையைப் பார்த்துக்கொண்டே சொன்னார். சாவியைச் சொன்னார், சிவப்புக் கட்டத்தைச் சொன்னார், அணைத்ததையும் சொன்னார். கம்ப்யூட்டரை முழுக்கத் துடைத்தெடுக்க வேண்டும், கணக்கை மீட்க டீச்சரின் போனும் வேண்டும் என்று கடைப் பெண் இரண்டையும் வாங்கி வைத்துக்கொண்டார்.

வீடு திரும்பும் வழியில் பாதி தூரத்தில் டீச்சர் நின்றார்.

"எனக்குன்னு இருக்கறது நல்ல பேரு ஒண்ணுதாங்க. அதை நம்பித்தான் பேசக்கூடத் தெரியாத பிள்ளைங்களை என் கையில குடுத்துட்டுப் போறாங்க. அதைப் போய் ஒரு லாரிக்காகக் குடுத்துட்டு வந்திருக்கீங்களே."

அதற்குள் இரண்டு வீட்டுக்காரர்கள் பிள்ளைகளை அனுப்புவதை நிறுத்தியிருந்தார்கள். டீச்சரே காசுக்கு ஆசைப்பட்டு எதையோ அனுப்பியிருக்கிறார் என்றுகூட ஒரு பேச்சு கிளம்பியிருந்தது. பேசியவர்களில் ஒருவர், சென்ற மழைக்காலத்தில் தன் பிள்ளைக்குக் காய்ச்சல் வந்தபோது டீச்சரின் மடியில் அதைத் தூங்க விட்டுவிட்டு வேலைக்குப் போனவர். மனிதர்களுக்கு மறதி எவ்வளவு சௌகரியமாக வந்துவிடுகிறது!

பெற்றோர்களைக் கூட்டிப் பேசிவிடலாம் என்று டீச்சர் முடிவு செய்தார். செய்தி அனுப்ப வழியில்லாததால் வாசலில் ஒவ்வொருவரிடமும் வாயால் சொன்னார். விஷயம் தெரிந்து சகலை ஓடிவந்தார்.

"யாரோ ஹேக் பண்ணிட்டாங்கன்னு சொல்லிட்டுப் போயிட்டே இரு சகலை. தினம் நடக்கறதுதானே. உன்னை யாரு கேக்கப் போறாங்க? என் பேரை மட்டும் இழுத்துடாத."

அலாரம் கத்தவில்லை. கத்தாமல் இருந்ததுதான் சகலையைப் பயமுறுத்தியிருக்க வேண்டும்.

"அவங்க எல்லாரும் அவங்க வீட்டுல பாதுகாப்பை அணைச்சு வச்சிருக்காங்க. இன்னும் அணைச்சேதான் வச்சிருக்காங்க. நான் பண்ணினதை நான் சொன்னாத்தான் எது எப்படி வந்துச்சுன்னு புரிஞ்சு கழுவி எடுப்பாங்க. இல்லைன்னா இது இன்னொரு வீட்டுக்குப் போகும். உன் பேரை ஏன் இழுக்கணும்? குடுத்தது நீ, ஆனா அணைச்சது என் கைதான். வெளிய போறப்ப கதவைச் சாத்திட்டுப் போ."

கூட்டம் முன்கூடத்தில் நடந்தது. வேறு இருக்கை இல்லாததால் பெற்றோர்கள் குழந்தைகளின் நாற்காலிகளில் முழங்கால் தாடையில் இடிக்க உட்கார்ந்திருந்தார்கள். வேறொரு நாளாக இருந்தால் ஒருவரை ஒருவர் பார்த்துச் சிரித்திருப்பார்கள். டீச்சர் எழுந்து ஆரம்பிப்பதற்குள் அலாரம் முன்னால் வந்து நின்றார்.

"அனுப்பினது டீச்சர் இல்ல. காரணம் நான்" என்றார். வேறெங்கும் பார்க்காமல் எல்லாவற்றையும் சொன்னார். ஓசிச் சாவிக்கு ஆசைப்பட்டதையும், கம்ப்யூட்டர் எச்சரித்ததையும், அதை அணைத்ததையும், திருடன் டீச்சர் பெயரில் பேசுவதையும் சொன்னார். "நீங்க எல்லாரும் மொதல்ல அணைச்சதைப் போடுங்க. அந்தக் கம்ப்யூட்டர்ல கடவுச்சொல்லை மாத்தாதீங்க. வேற போன்ல, வேற மெஷின்ல மாத்துங்க. கம்ப்யூட்டரைத் துடைக்கக் குடுங்க. நான் பண்ணின முட்டாள்தனத்தை நீங்களும் பண்ணாதீங்க."

கணக்காளர் கசப்பாகச் சிரித்தார்.

"நீங்களா? எங்க வீட்டு அலாரத்துல கட்டின பையைப் பிய்ச்சு என் கையில குடுத்த ஆளு நீங்க. எங்க பில்டிங்ல உங்களைக் கண்டா பேட்டரியைத் தொடவே பயப்படறாங்க. நீங்க போய் எச்சரிக்கையை அணைச்சேன்னு சொன்னா யாரு சார் நம்புவா? கம்ப்யூட்டர் கேமுக்கு, அதுவும் இந்த வயசுல?"

"பொண்டாட்டியைக் காப்பாத்தறதுக்காகப் பழியைத் தன் மேல போட்டுக்கறாரு" என்று பின்னாலிருந்து ஒரு குரல். தலைகள் ஆடின. "டீச்சரே வாயைத் திறந்து சொல்லட்டும். எதுக்கு அனுப்பினாங்க?"

அலாரத்துக்கு ரத்தம் கொதித்தது. தன் வாழ்நாளில் சொன்ன உண்மைகளிலேயே சொல்லக் கூசிய உண்மை அது. அதைப் பொய் என்கிறார்கள். ஊர் முழுக்கக் கத்திச் சம்பாதித்த நல்ல பெயர், இப்போது குறுக்கே வந்து மனைவியின் கழுத்தைப் பிடிக்கிறது. "நான்தாங்க பண்ணினேன். சத்தியமா நான்தான்" என்றார். யாரும் அவர் பக்கம் திரும்பவில்லை.

அப்போது நர்ஸின் கையிலிருந்த போன் ஒலித்தது. அடுத்து கணக்காளரின் பையில் ஒலித்தது. பிறகு கூடத்திலிருந்த அத்தனை போன்களும் ஒன்றன்பின் ஒன்றாக ஒலித்தன. எடுத்துப் பார்த்தார்கள். 'அன்பான பெற்றோர்களே, நம் செல்லங்களின்...' அனுப்பியவர் பெயர், டீச்சர். குனிந்த தலைகள் எல்லாம் ஒன்றாக நிமிர்ந்து அவரைப் பார்த்தன.

டீச்சருக்கு முதலில் புரியவில்லை. புரிந்ததும் இரண்டு கைகளையும் தலைக்கு மேலே தூக்கி, விரல்களை அகல விரித்துக் காட்டினார். பகலில் குழந்தைகளோடு குழைத்த நீலச் சாயம் நகக்கண்ணில் ஒட்டியிருந்தது. வேறொன்றும் அந்தக் கைகளில் இல்லை; போனும் கம்ப்யூட்டரும் இன்னும் ரிப்பேர் கடையில்தான் இருந்தன. ஒரு தப்பும் செய்யாத அந்த மனுஷி, தன் சொந்தக் கூடத்தில், பிடிபட்ட திருடியைப்போல் கைகளைத் தூக்கிக்கொண்டு நின்றிருந்தார். நர்ஸ் மெதுவாகப் போனைக் கவிழ்த்து மடியில் வைத்தார்.

அலாரம் மனைவியின் அருகே போனார். தூக்கியிருந்த இரண்டு கைகளையும் மணிக்கட்டில் பிடித்துக் கீழே இறக்கினார். பிறகு பெற்றோர்கள் பக்கம் திரும்பித் தன் கைகள் இரண்டையும் தூக்கினார்.